சேலத்து வக்கீல்

நீதிமன்றத் தாழ்வாரங்களில் நாள்தோறும் புழங்கும் சொற்களுள் எத்தனை அரபு மொழியிலிருந்து வந்தவை என்பதை நம்மவர் பலர் எண்ணிப் பார்ப்பதில்லை. வக்கீல், ஜில்லா, தாலுக்கா, ஆஜர், வாய்தா, மகஜர், ரத்து என்று அடுக்கிக்கொண்டே போகலாம். ஒருவரின் பொருட்டுப் பொறுப்பேற்று நிற்பவர் வக்கீல். இறைவனின் திருநாமங்களுள் ஒன்றும் அல்-வகீல் என்பதே. முன்சீப் என்பதோ ‘நிஸ்ஃபு’, அதாவது பாதி என்னும் வேரினின்று கிளைத்த சொல்; இரு தரப்பாருக்கும் சரிபாதியாக அளந்து கொடுப்பவர் என்பது அதன் உட்பொருள்.

இன்னொரு சொல்லும் உண்டு. நபித்தோழர்களின் பெயரைச் சொல்லும்போதெல்லாம் ‘ரலியல்லாஹு அன்ஹு’ என்கிறோமே, அந்த ‘ரலி’ பொருத்தத்தைக் குறிப்பது. அதே வேர் பாரசீகத்தின் வழியாக நீதிமன்றத்திற்குள் நுழைந்தபோது ‘ராஜி’ ஆயிற்று. வழக்காடும் இருவரும் மனம் பொருந்தி எழுதிக்கொள்ளும் உடன்படிக்கைக்கு ராஜிநாமா என்று பெயர். அச்சொல் எப்படியோ தடம் மாறி, பதவியை விட்டு விலகும் கடிதத்திற்குத் தமிழில் பெயராகிவிட்டது. ஒரே சொல்லுக்குள் இணக்கமும் விலகலும் குடியிருக்கின்றன.

இச்சொல்லாராய்ச்சி எதற்கு என்று வாசக அன்பர்கள் கேட்கலாம். ஒரு கிராம முன்சீப்பின் மகனாகப் பிறந்து, சிற்றூர் வக்கீலாகத் தொழில் செய்து, இம்மாகாணத்தின் ஆட்சிப்பொறுப்பை இருமுறை ஏற்று, வாழ்நாள் முழுதும் பிறருக்கு ராஜி பேசியும், தாம் ராஜிநாமா எழுதியும் கழித்த ஒரு மனிதரைப் பற்றியே இங்கு எழுதப் புகுகிறோம். சக்கரவர்த்தி இராஜகோபாலாச்சாரியார், சுருக்கமாக இராஜாஜி, என்னும் பெயருக்கும் ராஜி என்னும் சொல்லுக்கும் ஒலியளவில் ஒற்றுமையே தவிர வேறு உறவு இல்லை. ஆயினும் அந்த ஒற்றுமை எமக்குச் சுவையாகவே தோன்றுகிறது.

நம் இல்லங்களில் அவரைப் பற்றி இருவேறு பேச்சுகள் உண்டு. எம் இளமையில் ஊர்ப் பெரியவர் ஒருவர், அவர் பெயரை எடுத்தாலே “தமிழைக் கெடுக்க வந்தவர்” என்று முகம் சுளிப்பார். அவருடைய தமக்கையோ, “கள்ளுக்கடையை மூடிய புண்ணியவான்” என்று கையேந்துவார். ஒரே வீட்டில், ஒரே திண்ணையில், ஒரே மனிதரைப் பற்றி இப்படி இரண்டு தீர்ப்புகள். மாணவராயிருந்த எமக்கு அது விளங்காப் புதிராயிருந்தது. நம் சமுதாயத்தின் பார்வையில் இவரை எங்கே நிறுத்துவது என்னும் வினா அன்று தொட்டே எம்மை விடவில்லை.

ஓசூரை அடுத்த தொரப்பள்ளி என்னும் சிற்றூரில் 1878ஆம் ஆண்டு டிசம்பர் 10ஆம் நாள் அவர் பிறந்தார். அவ்வூர் அன்று சேலம் ஜில்லாவைச் சேர்ந்தது. இன்று கிருஷ்ணகிரி மாவட்டத்தில் உள்ளது. தந்தையார் அவ்வூர் முன்சீப். ஓசூரிலும் பெங்களூரிலும் படித்து, சென்னையில் சட்டம் பயின்று, 1900ஆம் ஆண்டில் சேலத்தில் வழக்கறிஞர் தொழிலைத் தொடங்கினார். சென்னை உயர்நீதிமன்றத்தின் பளபளப்பை நாடாமல் ஜில்லா நகரத்தைத் தேர்ந்தது பின்னாளில் அவருக்குப் பெரும் பயனளித்தது. நிலத்தகராறு, கொலை, அடிதடி, கடன் என்று குடிமக்களின் வாழ்க்கை முழுவதும் ஒரு ஜில்லா வக்கீலின் மேசைக்கு வந்து சேரும். குற்றவியல் வழக்குகளில் அவர் வல்லவர் என்று பெயர் பெற்றார், பணமும் குவிந்தது. 1915இல் மனைவியார் மறைந்தார். ஐந்து மக்களுடன் தனித்து நின்ற அவர், மறுமணம் செய்துகொள்ளவில்லை.

1911இல் சேலம் நகரசபை உறுப்பினரானார். 1917 முதல் 1919 வரை அதன் தலைவராக இருந்தார். அரசியல்வாதியாக அவர் பயின்ற பள்ளிக்கூடம் அந்நகரசபையே. குடிநீர்க் குழாய்களைத் திறந்து மூடும் வேலைக்குத் தாழ்த்தப்பட்ட வகுப்பைச் சேர்ந்த ஒருவரை அமர்த்தி, அக்கிரகாரத்திலும் அவரே அப்பணியைச் செய்யலாயிற்று. தெருவே கொதித்து எழுந்தது. தாழ்த்தப்பட்டோருடன் உடனுண்டவர் என்று அவரைத் தம் வகுப்பாரே விலக்கி வைத்தனர். அவரோ ஆணையைத் திரும்பப் பெறவில்லை. பிற்கால இராஜாஜியை அறிய விரும்புவோர் இந்தக் குழாயடியிலிருந்தே தொடங்க வேண்டும் என்போம். சரியென்று தமக்குப் பட்டதை ஊர் எதிர்த்தாலும் செய்வது அவர் இயல்பு. ஊரை முதலில் இணங்க வைத்துப் பின் செய்வோம் என்னும் பொறுமை இல்லாமை, அதே இயல்பின் மறுபுறம்.

அக்காலத்து மற்றொரு செயலையும் மறக்கலாகாது. 1916ஆம் ஆண்டில் அறிவியற் கலைச்சொற்களைத் தமிழில் ஆக்குவதற்கென்று அவர் சங்கமொன்றைத் தோற்றுவித்தார். வேதியியலும் இயற்பியலும் தமிழில் சொல்லத்தக்கவை என்று ஒரு வக்கீல் நம்பியதும், அதற்கு உழைத்ததும் சிறிய செய்திகள் அல்ல. இருபத்திரண்டு ஆண்டுகள் கழித்து, தமிழின் பகைவர் என்று அவரையே தெருத்தெருவாக ஏசிய கூட்டத்தில் எத்தனை பேர் இதனை அறிந்திருந்தனரோ!

1918இல் டாக்டர் வரதராஜுலு நாயுடுவின் மீது தொடரப்பட்ட அரசநிந்தனை வழக்கில் வாதாடியபின் அரசியல் அவரை முழுதாக இழுத்துக்கொண்டது. 1919இல் சென்னைக்குக் குடிபெயர்ந்தார். அவ்வாண்டு மார்ச்சு மாதம் காந்தியடிகள் வந்து தங்கியதும் அவர் இல்லத்திலேயே. ரௌலட் சட்டத்தை எதிர்த்து நாடெங்கும் ஒருநாள் கடையடைப்பு நடத்தலாம் என்னும் எண்ணம் காந்தியடிகளுக்கு அங்கேதான் உதித்தது. அடுத்த ஆண்டில் ஒத்துழையாமை வந்தது. ஆயிரமாயிரமாக ஈட்டித் தந்த தொழிலை இராஜாஜி கைகழுவினார்.

கிலாபத் இயக்கமும் ஒத்துழையாமையும் கைகோத்து நடந்த அந்நாள்களில்தான் சென்னை மாகாண முஸ்லிம்களின் தலைவராய் விளங்கிய யாகூப் ஹசன் சேட்டுடன் அவர் ஒரே களத்தில் நின்றார். நாகபுரியில் பிறந்து, அலிகரில் பயின்று, வணிகத்தின் பொருட்டுச் சென்னைக்கு வந்தவர் யாகூப் ஹசன். 1921 பிப்ரவரியில் கோழிக்கோட்டில் கைதானார். அவ்வாண்டு இறுதியில் இராஜாஜியும் வேலூர்ச் சிறை புகுந்தார். பின்னர்த் திருச்செங்கோட்டை அடுத்த புதுப்பாளையத்தில் ஆசிரமம் அமைத்துக் கதர்ப்பணியும் மதுவிலக்குப் பிரசாரமும் செய்தது, 1930இல் திருச்சியிலிருந்து வேதாரணியத்திற்கு நடந்து உப்பு அள்ளியது ஆகியவை பாடநூல்களிலேயே உள்ளவை. அவற்றை இங்கு விரிக்க வேண்டியதில்லை.

1937ஆம் ஆண்டுத் தேர்தலில் சென்னைச் சட்டசபையின் 215 இடங்களில் 159 இடங்களைக் காங்கிரஸ் வென்றது. பதவி ஏற்பதா வேண்டாவா என்று காங்கிரஸ் தயங்கிய மூன்று மாதங்களும் கூர்மா வெங்கடரெட்டி நாயுடுவின் தலைமையில் இடைக்கால மந்திரிசபை ஒன்று நடந்தது. அதில் திருச்சியைச் சேர்ந்த கான் பகதூர் கலீபுல்லா சாகிப் மந்திரியாயிருந்தார். ஜூலை 14ஆம் நாள் இராஜாஜி பிரதம மந்திரியானார். மாகாண முதல்வரை அன்று அப்படித்தான் அழைத்தனர். அவருடைய பதின்மர் மந்திரிசபையில் பொதுப்பணித்துறை யாகூப் ஹசன் கைக்கு வந்தது.

ஆட்சிக்கு வந்த மூன்றாம் மாதமே, அதாவது 1937 அக்டோபர் முதல் நாள், தம் சொந்த ஜில்லாவாகிய சேலத்தில் மதுவிலக்கைக் கொண்டுவந்தார். 1938இல் சித்தூருக்கும் கடப்பைக்கும், 1939இல் வடஆர்க்காட்டிற்கும் அது விரிந்தது. ஜில்லா ஜில்லாவாகச் சென்ற இந்த முறையை நோக்குங்கால், அரபு கற்ற எமக்கு வேறொன்று நினைவுக்கு வருகிறது. மது ஒரேநாளில் விலக்கப்படவில்லை. அதில் பயனைவிடப் பாவமே பெரிதென்று முதலில் அல்-பகரா அத்தியாயம் உணர்த்திற்று. போதையுடன் தொழுகையை நெருங்காதீர் என்று பின்னர் அன்னிஸா கட்டளையிட்டது. முற்றாக விலக்கும் ஆணை அல்-மாயிதாவில் இறங்கியபோது, மதீனத்துத் தெருக்களில் மது கொட்டி ஓடியதென்று அனஸ் (ரலி) அவர்களின் அறிவிப்பால் அறிகிறோம். மனத்தைப் பண்படுத்தியபின் வந்த சட்டம் அது. இராஜாஜியும் சட்டம் கையில் வருவதற்குப் பல ஆண்டுகள் முன்பே ‘விமோசனம்’ என்னும் இதழை மதுவிலக்குக்காகவே நடத்தி நிலத்தை உழுது வைத்திருந்தார். வாணியம்பாடி, ஆம்பூர்ப் பகுதிகளில் வாழ்ந்த நம் மக்கள் இச்சட்டத்தை வரவேற்றதில் வியப்பென்ன!

ஆனால் கள்ளிலிருந்து வந்த வருவாய் போயிற்றே, அதை எதைக்கொண்டு நிரப்புவது? 1939இல் பொது விற்பனை வரியை விதித்தார். இந்நாட்டில் அத்தகைய வரிக்கு வழிகாட்டி அதுவே. வணிகர்கள் முணுமுணுத்தனர், நம் தோல் வணிகரும் ஜவுளி வணிகரும் அதில் அடக்கம். குடிப்பவனின் காசு நின்றால் குடியாதவன் ஈடுகட்ட வேண்டுமோ என்பது அவர்கள் வாதம். அந்த வாதத்திற்கு விடை உண்டு. குடிகாரன் வீட்டில் மிஞ்சும் காசு கடைக்குத்தானே வரும்! எனினும், மதுவை விலக்க அவர் கண்ட அந்த வரி இந்நாட்டு அரசுகள் அனைத்திற்கும் நிலைத்த வருவாயாயிற்று, மதுவிலக்கோ நிலைக்கவில்லை என்பதை எண்ணும்போது நகைப்பதா வருந்துவதா என்று தெரியவில்லை.

கடனில் மூழ்கிய உழவருக்கு 1938இல் கடன் நிவாரணச் சட்டம் தந்தார். ஆலயப் பிரவேசத்திற்கு 1939இல் சட்டப் பாதுகாப்பு அளித்தார். இவை அனைத்தையும் மறைக்கும் அளவுக்கு எழுந்து நின்றது இந்திக் கட்டாயம்.

1938 ஏப்ரல் 21ஆம் நாள் வெளிவந்த ஆணைப்படி 125 உயர்நிலைப் பள்ளிகளில் இந்துஸ்தானி கட்டாயப் பாடமாயிற்று. மாகாணமே கொந்தளித்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் சிறை புகுந்தனர். ஈ.வெ.ரா. பெரியார் சிறையிலடைக்கப்பட்டார். நடராசன் 1939 ஜனவரியிலும் தாளமுத்து மார்ச்சிலும் சிறைப்பட்ட நிலையில் உயிர்நீத்தனர். அந்நியர் ஆக்கிய குற்றவியல் திருத்தச் சட்டத்தை ஒரு காலத்தில் கண்டித்தவர்களே இப்போது அதனைக் கையிலெடுத்தனர். சட்டம் கற்றவர் செய்த பிழைகளுள் இதனினும் பெரிது வேறில்லை.

நம் சமுதாயம் இவ்விடத்தில் எப்படி நின்றது என்பதை இளந்தலைமுறையினர் அறிய வேண்டும். முஸ்லிமென்றால் உருதுவே தாய்மொழி, ஆதலால் இந்துஸ்தானியை அவர்கள் எதிர்க்கமாட்டார்கள் என்று ஆளுங்கட்சியினர் சிலர் கணக்கிட்டனர். சட்டசபையில் கலீபுல்லா சாகிப் எழுந்து, தாம் ஒரு ராவுத்தர் என்றும், தம் தாய்மொழி தமிழே என்றும், அதில் தமக்கு நாணமில்லை, பெருமையே என்றும் சொல்லி அக்கணக்கைத் தகர்த்தார். சீறாப்புராணம் பாடிய உமறுப்புலவரின் வழிவந்தோர் சார்பில் அன்று ஒரு குரல் எழாமல் போயிருந்தால், தமிழக முஸ்லிம் தமிழரா என்னும் ஐயத்திற்கு இன்றுவரை விடை சொல்லிக்கொண்டிருக்க நேர்ந்திருக்கும். 1940 பிப்ரவரியில் கவர்னர் எர்ஸ்கின் அவ்வாணையை நீக்கினார். இராஜாஜி அதற்கு முன்பே, போரை ஒட்டி 1939 அக்டோபரில் ராஜிநாமா செய்திருந்தார்.

எம் பெரியவரின் கோபத்திற்குக் காரணம் இது. அதில் நியாயமில்லை என்று யார் சொல்வர்? ஆனால் கதை அத்துடன் முடிந்துவிடவில்லை.

1942ஆம் ஆண்டு. ஜப்பானியர் பர்மாவைப் பிடித்துக்கொண்டு வந்தனர். கிரிப்ஸ் தூதுக்குழு தோற்றுத் திரும்பிற்று. எந்த ஒரு நிலப்பகுதி மக்களையும் அவர் விருப்பத்திற்கு மாறாக ஒன்றியத்தில் கட்டாயமாக வைத்திருக்க எண்ணமுடியாது என்று காங்கிரஸ் காரியக் கமிட்டி அவ்வேப்ரலில் ஒரு தீர்மானத்தில் எழுதியிருந்தது. பலர் அதைப் படித்துவிட்டு மறந்தனர். சேலத்து வக்கீல் மறக்கவில்லை. எழுதிய பத்திரத்திற்குப் பொருள் உண்டெனில் முஸ்லிம் லீகின் கோரிக்கையை ஒப்புக்கொண்டு தேசிய அரசு அமைக்க வேண்டுமென்று வாதித்தார். சென்னைச் சட்டசபைக் காங்கிரஸ் கட்சியைக் கொண்டு அவ்வாறே தீர்மானமும் நிறைவேற்றினார். அலகாபாத்தில் கூடிய அகில இந்தியக் கமிட்டியோ 120க்கு 15 என்னும் வாக்கில் அதனைத் தள்ளிற்று. காங்கிரசிலிருந்தும் சட்டசபையிலிருந்தும் விலகினார். மீண்டும் ராஜிநாமா!

வெளியே வந்தவர் வீட்டில் அமரவில்லை. ஊரூராகச் சென்று அதையே பேசினார். பம்பாயில் ஒரு கூட்டத்தில் அவர்மீது தார் வீசினர். துடைத்துக்கொண்டு பேச்சைத் தொடர்ந்தார். அவர் பேசியது அவருடைய வகுப்பாருக்கு உகந்ததன்று. அவருடைய கட்சிக்கு உகந்ததன்று. அதனால் அவருக்கு ஒரு வாக்கும் கூடப்போவதில்லை. எதிர்த்தரப்பின் வழக்கிலும் நியாயம் உண்டு என்று தம் கட்சிக்காரருக்கே எடுத்துச் சொல்லும் வக்கீல் அரியவர்.

1943இல் உண்ணாநோன்பிலிருந்த காந்தியடிகளிடம் தம் திட்டத்தைக் காட்டி ஒப்புதல் பெற்றார். அது 1944 ஜூலையில் வெளியாயிற்று. போர் முடிந்தபின் வடமேற்கிலும் வடகிழக்கிலும் முஸ்லிம்கள் மிகுதியாக வாழும் அடுத்தடுத்த ஜில்லாக்களை வரையறுத்து, அங்கு வாழ்வோர் அனைவரிடமும் வாக்கெடுப்பு நடத்துவது. பிரிவினையென முடிவானால் பாதுகாப்பு, வணிகம், போக்குவரத்து ஆகியவற்றுக்கு உடன்பாடு செய்துகொள்வது. குடிபெயர்வோர் தம் விருப்பத்தின் பேரிலேயே பெயர்வது. இவ்வடிப்படையில் செப்டம்பர் 9 முதல் 27 வரை காந்தியடிகளும் ஜின்னா சாகிபும் பம்பாயில் பேசினர். ஜின்னா சாகிபுக்கு அத்திட்டம் அங்கம் குறைந்ததாகப் பட்டது. பேச்சு முறிந்தது. மூன்றாண்டுகளுக்குப் பின் கிடைத்ததும் ஏறத்தாழ அதே எல்லைதான். பஞ்சாபும் வங்கமும் ஜில்லா ஜில்லாவாகவே வெட்டப்பட்டன. வாக்கெடுப்பும் உடன்பாடும் விருப்பக் குடிபெயர்வும் மட்டும் இல்லாமல் போயின. இரத்தம் வந்து அவ்விடத்தை நிரப்பிற்று. 1944இல் ராஜி கையெழுத்தாகியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எண்ணாமல் எம்மால் அந்தப் பக்கத்தைக் கடக்க இயலவில்லை.

நாட்டு விடுதலைக்குப் பின் வங்க கவர்னர், கவர்னர் ஜெனரல், மத்திய மந்திரி என்று அவர் வகித்த பதவிகள் நம் பொருளுக்குப் புறம்பானவை. ஒன்றை மட்டும் குறிப்போம். தலைமை கலைந்து தளர்ந்திருந்த முஸ்லிம்களை ஒன்றுதிரட்டிக் கண்ணியத்திற்குரிய காயிதே மில்லத் இஸ்மாயில் சாகிப் அவர்கள் 1948 மார்ச்சு 10ஆம் நாள் இந்திய யூனியன் முஸ்லிம் லீகை அமைத்த கூட்டம் சென்னை அரசினர் தோட்டத்து மண்டபத்தில் நடந்தது. பின்னாளில் அதுவே இராஜாஜி மண்டபம் என்று பெயர் பெற்றது.

1952 தேர்தலில் சென்னைச் சட்டமன்றத்தின் 375 இடங்களில் காங்கிரசுக்குக் கிடைத்தவை 152. தத்தளித்த கட்சி ஓய்விலிருந்த முதியவரை அழைத்தது. தேர்தலில் நில்லாமல், மேலவைக்கு நியமனம் பெற்று, 73ஆம் வயதில் அவர் முதலமைச்சரானார். 1937இலும் பல்கலைக்கழகத் தொகுதி வழியாகவே வந்தார். தெருமுனையில் நின்று வாக்குக் கேட்டு ஆட்சிக்கு வந்தவரல்லர் அவர். குடிமக்களின் முகக்குறிப்பை அறியாது ஆணையிடும் பழக்கம் இதனால் அவரிடம் வளர்ந்தது என்பது எம் துணிபு.

அரிசிக் கட்டுப்பாட்டை ஒரே மூச்சில் நீக்கினார், அது வெற்றி. தஞ்சைப் பண்ணையாள்களுக்குப் பாதுகாப்புச் சட்டம் தந்தார், அதுவும் நன்றே. 1953இல் தொடக்கக் கல்வித் திட்டத்தைக் கையிலெடுத்தார். கிராமத்துப் பிள்ளைகள் அரைநாள் பள்ளியில் படித்து, எஞ்சிய பொழுதில் பெற்றோரின் தொழிலைப் பயில வேண்டும் என்பது அது. வெட்டியானின் மகன் வெட்டியானாகவே இருக்க வேண்டுமோ என்று எதிர்ப்பாளர் கேட்டனர். குலக்கல்வி என்னும் பெயர் அதற்கு நிலைத்துவிட்டது. இருக்கும் பள்ளிகளைக் கொண்டே இருமடங்கு பிள்ளைகளைப் படிக்கவைக்கும் வழி என்று அவர் கருதியிருக்கலாம். காலை மக்தபும் பகல் பள்ளியுமாகப் பிள்ளைகளைப் பிரித்துக்கொண்டு வாழும் ஆசிரியராகிய நாம் ஒன்று சொல்வோம்: அரைநாள் படிப்பில் வசதியுள்ள வீட்டுப் பிள்ளை மறுபாதியை வீட்டில் ஈடுசெய்துகொள்வான், தறிக்குழியில் இறங்கும் பிள்ளைக்கு அப்பாதி போனது போனதுதான். சட்டமன்றத்தில் திட்டத்தைக் கைவிடக் கோரும் தீர்மானம் 138க்கு 138 என்று சமமாகி, சபாநாயகரின் வாக்கினால் வீழ்ந்தது. அத்துணை நெருக்கமான எச்சரிக்கையும் அவருக்குப் போதவில்லை. 1954 ஏப்ரலில் பதவி விலகினார். காமராசர் முதல்வரானார், திட்டமும் மறைந்தது.

பின்னர் நடந்தவை விந்தையானவை. 1938இல் இந்தியைக் கட்டாயமாக்கியவர், 1958இல் கல்கத்தா மொழி மாநாட்டில் இந்தித் திணிப்பை எதிர்த்து நின்றார். 1959இல் சுதந்திரா கட்சியைத் தொடங்கினார். 1967 தேர்தலில் தி.மு.க.வும் சுதந்திராவும் முஸ்லிம் லீகும் ஒரே அணி. காயிதே மில்லத் அவர்களோ அரசியல் நிர்ணய சபையிலேயே ஆட்சிமொழியாகும் தகுதி தமிழுக்கு உண்டென்று வாதித்தவர். 1938இல் ஒருவர் ஆட்சியிலும் மற்றவர்கள் சிறையிலுமாக இருந்தவர்கள், முப்பதாண்டுகளில் ஒரே மேடைக்கு வந்து சேர்ந்தனர். ஒரு மனிதர் தம் பிழையினின்று திரும்புவதை நம் மார்க்கம் இழிவாகக் கருதுவதில்லை. ஆயினும் தாம் பிழைத்ததாக அவர் வெளிப்படையாக வருந்தியிருந்தால் எம் பெரியவரின் நெஞ்சு ஆறியிருக்கும்.

1971இல் மதுவிலக்கைத் தளர்த்த அரசு முனைந்தது. 92 வயது முதியவர் மழையில் முதலமைச்சர் கலைஞர் கருணாநிதியின் இல்லம் தேடிச் சென்று வேண்டாமென்று இரந்தார். ஒருபோதும் வாசலேறி வாக்குக் கேளாதவர், ஒரு வேண்டுகோளோடு வாசலேறியது அன்றுதான். பயனில்லை. ஆகஸ்டு 30ஆம் நாளோடு மதுவிலக்கு தளர்ந்தது.

1972 ஏப்ரல் 5ஆம் நாள் காயிதே மில்லத் அவர்கள் மறைந்தார்கள். அவ்வாண்டே டிசம்பர் 25ஆம் நாள் இராஜாஜியும் மறைந்தார். 1974 செப்டம்பரில் கடைகள் மீண்டும் மூடப்பட்டன. பின்னர் மீண்டும் திறந்தன. 2003ஆம் ஆண்டு முதல் மதுவைச் சில்லறையாக விற்பதும் அரசின் நிறுவனமே. 1937இல் முதற்கடை மூடிய சேலத்திலும் அந்நிறுவனத்தின் கடைகள் உள்ளன.